கொடியோடு வந்த கடன்

1825 ஜூலையில் ஹெய்ட்டியின் தலைநகரான போர்ட்டோ பிரின்ஸ் துறைமுகத்துக்கு முன்னால் பிரெஞ்சுப் போர்க்கப்பல்கள் வந்து நின்றன. மொத்தம் 14 கப்பல்கள், அவற்றில் 500 பீரங்கிகளுக்கு மேல். தலைமை தாங்கி வந்த பாரன் மக்கோ என்ற அதிகாரியின் கையில் பிரான்ஸ் மன்னர் பத்தாம் சார்லஸ் கையெழுத்திட்ட ஆணை ஒன்று இருந்தது. ஹெய்ட்டியின் விடுதலையை பிரான்ஸ் ஏற்றுக்கொள்கிறது. அதற்கு ஹெய்ட்டி 15 கோடி பிராங்க் தர வேண்டும். ஐந்து ஆண்டுத் தவணையில் கட்ட வேண்டும். பிரெஞ்சுக் கப்பல்களுக்குச் சுங்கவரியில் பாதிதான் வாங்க வேண்டும். இதுதான் ஆணையின் சாரம். பேச்சுவார்த்தைக்கு அதில் இடமே இல்லை. ஏற்காவிட்டால் என்ன நடக்கும் என்பதைக் கரையிலிருந்து பார்த்தாலே தெரிந்தது.

ஹெய்ட்டி மக்கள் தங்கள் விடுதலையை யாரிடமும் யாசித்துப் பெறவில்லை. சான் டொமிங் என்று அப்போது அழைக்கப்பட்ட அந்தத் தீவுப் பகுதி, பிரான்ஸின் காலனிகளிலேயே அதிக லாபம் ஈட்டித் தந்தது. சுமார் ஐந்து லட்சம் ஆப்பிரிக்க அடிமைகள் அங்கே கரும்பும் காப்பியும் விளைவித்தார்கள். 1791 ஆகஸ்ட்டில் அவர்கள் கிளர்ந்தெழுந்தார்கள். அவர்களை மீண்டும் அடிமைகளாக்க நெப்போலியன் அனுப்பிய படை போரிலும் மஞ்சள் காய்ச்சலிலும் அழிந்தது. தலைவர் துசேன் லூவெர்ச்சூர் பிரான்ஸுக்குக் கொண்டுபோகப்பட்டு, குளிர் மலைக்கோட்டை ஒன்றில் 1803 ஏப்ரலில் இறந்தார். அதே ஆண்டு நவம்பரில் வெர்ச்சியேர் என்ற இடத்தில் பிரெஞ்சுப் படை இறுதியாகத் தோற்றது. 1804 ஜனவரி 1 அன்று தளபதி தெசலின் விடுதலையை அறிவித்தார். அடிமைகளே போரிட்டு வென்று அமைத்த நாடு உலக வரலாற்றில் அது ஒன்றுதான்.

அப்படி வென்ற நாடு, 21 ஆண்டுகள் கழித்து, தோற்றவனுக்கு இழப்பீடு கட்ட ஒப்புக்கொண்டது. நிலங்களையும் ஆலைகளையும் இழந்த பண்ணை முதலாளிகளுக்கான இழப்பீடு அது. அவர்கள் இழந்ததாகக் கணக்கிடப்பட்ட சொத்தில் அடிமைகளும் அடக்கம். இன்னும் தெளிவாகச் சொன்னால், தன் உடலைத் தானே மீட்டுக்கொண்ட மனிதன், அந்த உடலுக்கு விலையாகப் பழைய எஜமானனுக்குப் பணம் கட்டினான்.

இதைத் தொலைதூரத் தீவு ஒன்றின் சோகமாக மட்டும் படித்துவிட்டுக் கடந்துவிடக் கூடாது. ஹெய்ட்டியில் எழுதப்பட்ட அந்தக் கணக்கு, அடுத்த 150 ஆண்டுகளில் வெவ்வேறு பெயர்களில் ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் திரும்பத் திரும்ப எழுதப்பட்டது. கொடி இறங்கிய நள்ளிரவுகளின் புகைப்படங்கள் நம் எல்லோருக்கும் தெரியும். அதே வாரங்களில் மூடிய அறைகளில் கையெழுத்தான நிதி ஒப்பந்தங்கள் பாடப்புத்தகங்களில் இல்லை. விடுதலை பெற்ற நாடுகள் ஏன் தடுமாறின என்ற கேள்விக்கு ஆட்சித் திறமையின்மை, ஊழல், இனச்சண்டை என்று பதில்கள் தயாராக வந்து விழுகின்றன. அந்த நாடுகள் முதல் நாளிலேயே எவ்வளவு கடனோடு பிறந்தன என்பதைக் கேட்காமல் சொல்லப்படும் எந்தப் பதிலும் நேர்மையானதல்ல என்பதே இந்தக் கட்டுரையின் வாதம்.

கடனைக் கட்டக் கடன்

முதல் தவணை மூன்று கோடி பிராங்க். ஹெய்ட்டி அரசின் ஓராண்டு வருமானத்தைப் போல அது பல மடங்கு. அதிபர் புவாயே என்ன செய்வார்? பாரிஸ் வங்கிகளிடமே கடன் வாங்கினார். மூன்று கோடி பிராங்க் கடன் என்று பத்திரம் எழுதப்பட்டது. தரகும் கழிவுமாக 60 லட்சத்தை வங்கிக்காரர்கள் முதலிலேயே பிடித்துக்கொண்டார்கள். கைக்கு வந்தது இரண்டு கோடியே 40 லட்சம். அந்தப் பணமும் ஹெய்ட்டிக்கு வரவில்லை, பிரெஞ்சு அரசுக்குப் போனது. வரலாற்றாசிரியர்கள் இதை இரட்டைக் கடன் என்கிறார்கள்: பிரான்ஸுக்குக் கட்ட வேண்டிய இழப்பீடு ஒன்று, அதைக் கட்டுவதற்காக பிரான்ஸிலேயே வாங்கிய கடன் இன்னொன்று.

இந்தச் சுமையை யார் தூக்கினார்கள் என்பதுதான் முக்கியம். ஹெய்ட்டியின் ஏற்றுமதி வருமானம் பெரும்பாலும் காப்பிக் கொட்டைதான். மலைச்சரிவில் சிறு துண்டு நிலம் வைத்திருந்த விவசாயிதான் அதை விளைவித்தான். வரி அவன் தலையில் விழுந்தது. 1826-ல் புவாயே கொண்டுவந்த கிராமப்புறச் சட்டம், விவசாயிகளை நிலத்தோடு கட்டிப்போட்டது. அனுமதியின்றி ஊரை விட்டு அசையக்கூட முடியாது. அடிமைத்தனத்தை உடைத்த மக்களை அவர்களின் சொந்த அரசே பாதி அடிமைகளாக்கியது. அப்போது தீவு முழுவதும் ஹெய்ட்டியின் ஆட்சியில் இருந்தது. கிழக்குப் பகுதி மக்கள்மீதும் இந்த வரிச்சுமை இறங்கியது. அந்த வெறுப்பும் சேர்ந்தே 1844-ல் டொமினிக்கன் குடியரசு பிரிந்துபோனது.

1838-ல் தொகை குறைக்கப்பட்டு மொத்தம் ஒன்பது கோடி பிராங்க் என்றானது. ஆனாலும் பள்ளிக்கும் சாலைக்கும் போக வேண்டிய பணம் பல பத்தாண்டுகள் பாரிஸுக்கே போனது. 1880-ல் ஹெய்ட்டிக்கு ஒரு தேசிய வங்கி அமைந்தது. பெயரில்தான் தேசியம், நடத்தியது கிரெடி இண்டஸ்ட்ரியல் என்ற பிரெஞ்சு வங்கி. ஐஃபல் கோபுரம் கட்ட நிதி உதவியதும் அதே வங்கிதான். ஹெய்ட்டி அரசு தன் பணத்தைப் போட்டாலும் எடுத்தாலும் பாரிஸுக்குக் கட்டணம் போயிற்று.

பிறகு எஜமான் மாறினான். 1914 டிசம்பரில் அமெரிக்கக் கடற்படை வீரர்கள் போர்ட்டோ பிரின்ஸ் நகரில் இறங்கி, தேசிய வங்கியிலிருந்து ஐந்து லட்சம் டாலர் பெறுமானத் தங்கத்தை எடுத்துக்கொண்டு போய் நியூயார்க்கில் வைத்தார்கள். மறு ஆண்டு நாட்டையே பிடித்தார்கள். படை 1934-ல்தான் வெளியேறியது. 1922-ல் நியூயார்க் வங்கியில் வாங்க வைத்த கடனுக்காக, ஹெய்ட்டியின் கஜானாவை அமெரிக்க அதிகாரிகள் அதற்குப் பிறகும் மேற்பார்வை செய்தார்கள். அந்த மேற்பார்வை 1947-ல் முடிந்தது. 1825-லிருந்து எண்ணினால் 122 ஆண்டுகள்.

நியூயார்க் டைம்ஸ் நாளிதழ் 2022-ல் பழைய ஆவணங்களை அலசி ஒரு கணக்குப் போட்டது. இழப்பீடாகவும் அதற்கான கடனாகவும் ஹெய்ட்டி கட்டியது இன்றைய மதிப்பில் சுமார் 56 கோடி டாலர். அந்தப் பணம் நாட்டுக்குள்ளேயே சுழன்றிருந்தால் பொருளாதாரம் அடைந்திருக்கக்கூடிய வளர்ச்சி, குறைந்தது 2,100 கோடி டாலர். பெரிய எண்களில் மனம் மரத்துப்போவது இயல்பு. 2010 ஜனவரி நிலநடுக்கத்தில் பொலபொலவென்று சரிந்த பள்ளிக் கட்டடங்களையும் மருத்துவமனைகளையும் நினைத்துக்கொண்டு அந்த எண்ணைப் படிக்க வேண்டும்.

இழப்பீடு என்ற சொல்லை நாம் எப்போதும் பாதிக்கப்பட்டவரோடு சேர்த்தே நினைக்கிறோம். காலனிய வரலாற்றில் அது பெரும்பாலும் எதிர்த்திசையில்தான் போயிருக்கிறது. 1833-ல் பிரிட்டன் அடிமைமுறையை ஒழித்தபோது இரண்டு கோடி பவுன் இழப்பீடு தந்தது. முழுவதும் முதலாளிகளுக்கு, அடிமைகளுக்கு ஒரு பென்னி இல்லை. அந்தக் கடனின் கடைசிப் பகுதியை பிரிட்டிஷ் வரி செலுத்துவோர் கட்டி முடித்தது 2015-ல். அந்தத் தொகையில் 20 லட்சம் பவுனுக்கு மேல் மொரீஷியஸ் பண்ணை முதலாளிகளுக்குப் போனது. 1834 முதல் அவர்கள் இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளைக் கப்பலில் வரவழைத்தார்கள். நம் கடலோர மாவட்டங்களிலிருந்து போன தமிழர்களும் அதில் இருந்தார்கள். விடுதலையான அடிமையின் இடத்தில் போய் நின்றவர்கள் நம் முன்னோர்கள். அவர்களை அங்கே நிறுத்தியதில் அந்த இழப்பீட்டுப் பணத்துக்கும் பங்கு உண்டு.

தன்னைச் சுட்ட தோட்டாவுக்கு விலை

1945 ஆகஸ்ட் 17 அன்று சுகர்னோவும் ஹத்தாவும் ஜகார்த்தாவில் இந்தோனேசிய விடுதலையை அறிவித்தார்கள். ஹாலந்து அதை ஏற்கவில்லை. ஹிட்லரின் பிடியிலிருந்து அப்போதுதான் மீண்டிருந்த அந்த நாடு, தன் விடுதலைக்காகத் தேவாலய மணிகளை ஒலிக்கவிட்ட கையோடு, இன்னொரு நாட்டை மீண்டும் பிடிக்கப் படை அனுப்பியது. 1947 ஜூலையிலும் 1948 டிசம்பரிலும் நடந்த இரண்டு பெரும் தாக்குதல்களுக்கு அது வைத்த பெயர் 'போலீஸ் நடவடிக்கை'. 1947 டிசம்பர் 9 அன்று மேற்கு ஜாவாவின் ராவாகெடே கிராமத்தில் ஆண்களை வரிசையில் நிறுத்திச் சுட்டுக் கொன்றதும் அந்த நடவடிக்கைகளின் காலத்தில்தான்.

உலகம் சும்மா இருக்கவில்லை. ஆஸ்திரேலியத் துறைமுகத் தொழிலாளர்கள் டச்சுக் கப்பல்களில் சரக்கேற்ற மறுத்தார்கள். அங்கிருந்த இந்தியக் கப்பல் தொழிலாளர்களும் அவர்களோடு சேர்ந்து வேலை நிறுத்தம் செய்தார்கள். 1949 ஜனவரியில் நேரு டெல்லியில் ஆசிய மாநாட்டைக் கூட்டினார். அமெரிக்காவின் மார்ஷல் திட்ட உதவி என்னாகுமோ என்ற பயமும் சேர, ஹாலந்து பேச்சுவார்த்தைக்கு வந்தது. 1949 ஆகஸ்ட் 23 முதல் நவம்பர் 2 வரை ஹேக் நகரில் வட்டமேஜை மாநாடு நடந்தது.

மாநாட்டில் மிகக் கடுமையாக முட்டிக்கொண்ட விஷயங்களில் ஒன்று கடன். டச்சு கிழக்கிந்தியக் காலனி அரசு வாங்கிய கடன்களையெல்லாம் புதிய நாடு ஏற்க வேண்டும் என்றது ஹாலந்து. அது கேட்ட தொகை 600 கோடி கில்டருக்கு மேல். பொருளாதார நிபுணர் சுமித்ரோ ஜோயோஹாதிகுசுமோ இந்தோனேசியாவின் நிதிக் குழுவில் இருந்தார் (இன்றைய அதிபர் பிரபோவோவின் தந்தை). அவர் தரப்பு வரிவரியாகக் கணக்கைப் பிரித்தது. அந்தக் கடனில் பெரும் பங்கு 1945-க்குப் பிறகு இந்தோனேசியர்களை ஒடுக்க ஹாலந்து செலவிட்ட பணம். அதைக் கழித்துவிட்டுப் பார்த்தால் ஹாலந்துதான் நமக்குப் பாக்கி தர வேண்டும் என்று அவர்கள் வாதிட்டார்கள்.

அமெரிக்கப் பிரதிநிதி மெர்ல் காக்ரன் நடுவில் புகுந்து ஒரு தொகை சொன்னார். ஏறத்தாழ 430 கோடி கில்டர். அன்றைய மதிப்பில் 100 கோடி டாலருக்கு மேல். ஹத்தா ஒப்புக்கொண்டார். வீட்டை உடைத்துக் கொள்ளையடித்தவன், போகும்போது வண்டிக் கூலியும் கேட்டு வாங்கிக்கொண்டு போனான். 1949 டிசம்பர் 27 அன்று ஆட்சி கைமாறியது. மேற்கு நியூகினி மட்டும் டச்சுக்காரர்களிடமே தங்கியது. எண்ணெய், ரப்பர், கப்பல், வங்கி எல்லாவற்றிலும் டச்சு நிறுவனங்கள் பழையபடி இருக்க உத்தரவாதம் தரப்பட்டது. நாட்டின் மத்திய வங்கியாக ஒரு டச்சுத் தனியார் வங்கியே தொடர்ந்தது. அதைத் தேசியமயமாக்க 1951 வரை ஆனது.

ஹத்தாவைக் குறை சொல்வது எளிது. நான்கு ஆண்டுப் போரில் களைத்த நாடு, கரைகளில் இன்னும் டச்சுப் படை, பின்னால் நிற்பதாகச் சொன்ன அமெரிக்கா கைகாட்டியதோ கையெழுத்துப் போடும் இடத்தை. அந்த நாற்காலியில் வேறு யார் உட்கார்ந்திருந்தாலும் பெரிதாக வேறொன்று செய்திருக்க முடியாது என்றே எனக்குத் தோன்றுகிறது.

1956-ல் சுகர்னோ அரசு அந்த ஒப்பந்தங்களைத் தூக்கியெறிந்தது. அதற்குள் கடனில் பெரும்பகுதி கட்டப்பட்டிருந்தது. கதை அதோடும் முடியவில்லை. 1957 இறுதியில் தொடங்கி டச்சு நிறுவனங்கள் தேசியமயமாக்கப்பட்டன. சுகர்னோவிடமிருந்து சுகார்த்தோ பொறுப்பேற்ற பின், 1966-ல், அந்த நிறுவனங்களுக்காக 60 கோடி கில்டர் தர இந்தோனேசியா உடன்பட்டது. கடைசித் தவணை போய்ச் சேர்ந்தது 2003-ல்.

இதற்கு எதிர்ப்பக்கத்தில் ஹாலந்து தந்தது என்ன? ராவாகெடே விதவைகள் முதுமையில் வழக்குத் தொடுத்து, 2011-ல் ஹேக் நீதிமன்றத்தில் வென்றார்கள். ஆளுக்கு 20,000 யூரோ கிடைத்தது. 2020-ல் மன்னர் வில்லம் அலெக்சாண்டர் மன்னிப்புக் கேட்டார். 2022-ல் பிரதமர் மார்க் ரூட்டே கேட்டார். மன்னிப்பு மதிக்கத்தக்கதுதான். போர்ச் செலவுக்காக வாங்கிய கில்டரைத் திருப்பித் தருவது பற்றி இருவரும் பேசவில்லை.

'வேண்டாம்' என்ற நாடு

பணம் கேட்டுக் கட்டிப்போடுவது ஒரு வழி. கட்டுக்கு உடன்படாதவனை நொறுக்குவது இன்னொரு வழி. மேற்கு ஆப்பிரிக்காவில் கினி அதைப் பட்டுத் தெரிந்துகொண்டது.

1958-ல் பிரெஞ்சு அதிபர் பதவியை நோக்கி நடந்துகொண்டிருந்த டி கோல், ஆப்பிரிக்கக் காலனிகளுக்கு ஒரு வாக்கெடுப்பு வைத்தார். பிரெஞ்சுச் சமூகத்தில் தொடர்வதா, உடனே விலகுவதா? ஆகஸ்ட் 25 அன்று கொனாக்ரி நகரில் டி கோல் முன்னிலையிலேயே கினியின் தலைவர் செக்கு தூரே பேசினார். அடிமைத்தனத்தில் செல்வத்தைவிடச் சுதந்திரத்தில் வறுமை மேல் என்ற பொருள்பட அவர் சொன்னது ஆப்பிரிக்கா முழுவதும் பரவியது. செப்டம்பர் 28 அன்று நடந்த வாக்கெடுப்பில் கினி மக்கள் 95 சதவீதத்துக்கு மேல் 'வேண்டாம்' என்று வாக்களித்தார்கள். அப்படிச் சொன்ன ஒரே காலனி அதுதான். அக்டோபர் 2 அன்று விடுதலை.

பிரான்ஸின் பதில் சில வாரங்களிலேயே வந்தது. ஆசிரியர்கள், மருத்துவர்கள், பொறியாளர்கள், அதிகாரிகள் எல்லோரும் திரும்ப அழைக்கப்பட்டார்கள். கோப்புகளும் கருவிகளும் கப்பலேறின. தொலைபேசிகளைப் பிடுங்கிச் சென்றார்கள், மின்விளக்குகளைக்கூடக் கழற்றினார்கள் என்று சொல்லப்படுவதுண்டு. நிதியுதவி நின்றது. 1960 மார்ச்சில் கினி தன் சொந்த நாணயத்தை வெளியிட்டபோது, போலி நோட்டுகளை அச்சிட்டு நாட்டுக்குள் கொட்டியது பிரெஞ்சு உளவுத்துறை. அந்தத் துறையில் ஆப்பிரிக்காவைக் கவனித்த மோரிஸ் ரொபேர் என்ற அதிகாரியே பின்னாளில் இதை ஒப்புக்கொண்டார். பிரான்ஸ் கைவிட்ட நாட்களில் கினிக்குக் கை கொடுத்தது 1957-ல் விடுதலை பெற்றிருந்த கானா. அதன் தலைவர் நிக்ருமா ஒரு கோடி பவுன் கடன் தர முன்வந்தார்.

செக்கு தூரே பின்னர் என்ன ஆனார் என்பதையும் சொல்லியாக வேண்டும். கினியைச் சிறைக்கூடமாக்கினார். ஆப்பிரிக்க ஒற்றுமை அமைப்பின் முதல் பொதுச் செயலாளரான கினியர் தியாலோ டெல்லியே, 1977-ல் போய்ரோ சிறை முகாமில் பட்டினி போட்டுக் கொல்லப்பட்டார். ஹெய்ட்டியை ஆண்ட துவாலியே குடும்பமும் இந்தோனேசியாவில் சுகார்த்தோ குடும்பமும் அடித்த கொள்ளைக்கும் பாரிஸ் காரணமல்ல, ஹேக் காரணமல்ல. சொந்தக் கொடுங்கோலர்களின் கணக்கை காலனியாதிக்கத்தின் பெயரில் எழுதுவது அவர்களால் செத்தவர்களுக்குச் செய்யும் துரோகம். ஆனால் தொடக்கத்திலேயே முற்றுகையிடப்பட்ட நாட்டில், சதி எங்கும் இருக்கிறது என்ற பேச்சு எளிதில் எடுபடுகிறது. சதி உண்மையிலேயே நடந்திருக்கும்போது சர்வாதிகாரிக்கு அதைவிட வசதியான சாக்கு வேண்டியதில்லை.

'சரி' என்ற காலனிகளுக்கு என்ன கிடைத்தது? சி.எஃப்.ஏ. பிராங்க். 1945 டிசம்பர் 26 அன்று பிறந்த இந்தக் காலனி நாணயம் விடுதலைக்குப் பின்னும் தொடர்ந்தது. இன்றும் 14 நாடுகளில் புழங்குகிறது. அந்நியச் செலாவணிக் கையிருப்பில் குறைந்தது பாதியை பிரெஞ்சு அரசின் கருவூலத்தில் போட்டு வைக்க வேண்டும் என்பது பல பத்தாண்டுகள் விதியாக இருந்தது. நோட்டு பிரான்ஸிலேயே அச்சாகிறது. 1994 ஜனவரியில் ஒரே நாளில் இந்த நாணயத்தின் மதிப்பு பாதியாக்கப்பட்டது. டாக்காரிலோ அபிஜானிலோ முந்தைய நாள் வாங்கிய மருந்தின் விலை மறுநாள் எட்டாத உயரத்துக்குப் போனது. மேற்கு ஆப்பிரிக்காவின் எட்டு நாடுகளுக்கு அந்தக் கையிருப்பு விதி 2019 டிசம்பரில் அறிவித்த சீர்திருத்தத்தின்படி நீங்கியது. யூரோவோடு கட்டிய முடிச்சு அவிழவில்லை.

கென்யாவின் கதை ஒரு பத்திக்குப் போதும், ஆனால் விடக்கூடாது. வெள்ளையர் மேட்டுநிலம் என்று பெயரிட்டு கிக்குயு மக்களிடமிருந்தும் மற்றவர்களிடமிருந்தும் பறித்த நிலத்தை, விடுதலையை ஒட்டிய ஆண்டுகளில் 'பத்து லட்சம் ஏக்கர் திட்டம்' என்ற பெயரில் பிரித்துக் கொடுத்தார்கள். இலவசமாக அல்ல. வெள்ளைப் பண்ணையாருக்கு முழு விலை. அதற்கான பணத்தில் பெரும்பகுதி பிரிட்டனும் உலக வங்கியும் தந்த கடன். சுமார் 35,000 குடும்பங்கள் தங்கள் பாட்டன் நிலத்தைத் தவணையில் வாங்கின. அதே பிரிட்டன், தன் ஆட்சிக்கு எதிரான மாவ் மாவ் எழுச்சியின்போது முகாம்களில் சித்திரவதை செய்யப்பட்ட 5,228 முதியவர்களுக்கு 2013-ல் ஒரு கோடியே 99 லட்சம் பவுன் தந்தது. அதுவும் நீதிமன்றப் படியேறிய பிறகு. ஆயிரக்கணக்கான காலனிக் கோப்புகளை இங்கிலாந்துக் கிராமப்புற வளாகம் ஒன்றில் ஒளித்து வைத்திருந்தது அம்பலமான பிறகு.

நாம் கட்டிய ஓய்வூதியம்

இந்தியாவின் கணக்கு வேறு மாதிரி. இங்கே கடன்பட்டவன் நம்மை ஆண்டவன்தான்.

இரண்டாம் உலகப் போரில் பிரிட்டன் இந்தியாவிலிருந்து படை, துணி, தானியம், தளவாடம் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டது. விலையைப் பணமாகத் தரவில்லை. லண்டனில் இந்தியாவின் பெயரில் ஸ்டெர்லிங் வரவு எழுதி வைத்தது. அந்த வரவைக் காட்டி இங்கே நோட்டு அச்சிடப்பட்டது. போர் ஆண்டுகளில் புழக்கத்திலிருந்த நோட்டு ஆறு மடங்குக்கு மேல் பெருகி, விலைவாசி ஏறியது. 1943-ல் வங்காளத்தில் லட்சக்கணக்கானோர் பட்டினியால் செத்ததற்கு இந்த விலையேற்றமும் ஒரு காரணம். லண்டனில் வரவாக நின்ற ஒவ்வொரு பவுனுக்குப் பின்னாலும் இங்கே ஒரு குடும்பம் உண்ணாமல் விட்ட சோறு இருந்தது. 1947 ஆகஸ்ட்டில் அந்த வரவு ஏறத்தாழ 116 கோடி பவுன்.

இந்தப் பணத்தைக் கேட்கப் போனவர் ஒரு தமிழ்நாட்டுக்காரர், கோயம்புத்தூர் ஆர்.கே.சண்முகம் செட்டியார். நீதிக்கட்சியில் வளர்ந்தவர், கொச்சி சமஸ்தானத்தின் திவானாக இருந்தவர், சிலப்பதிகாரத்துக்கு உரை கண்டவர், சுதந்திர இந்தியாவின் முதல் நிதியமைச்சர். உலக நிதி ஒழுங்கை வகுக்க 1944-ல் கூடிய பிரெட்டன் வுட்ஸ் மாநாட்டுக்குப் போன இந்தியக் குழுவிலும் அவர் இருந்தார். பிரிட்டனிடம் சிக்கிய பணத்துக்கு ஒரு வழி பிறக்க வேண்டும் என்று அங்கே இந்தியத் தரப்பு எழுப்பிய கோரிக்கை நிராகரிக்கப்பட்டது. எனவே 1948-ல் அவர் லண்டனுக்குப் போனபோது, கேட்டதெல்லாம் கிடைக்காது என்பது அவருக்குத் தெரியாமலிருந்திருக்காது.

ஜூலையில் ஒப்பந்தம் கையெழுத்தானது. பிரிட்டன் விட்டுச்சென்ற ராணுவத் தளவாடங்களுக்காக 10 கோடி பவுன் கழிக்கப்பட்டது. இந்தியாவை ஆண்டுவிட்டுப் போன பிரிட்டிஷ் அதிகாரிகளின் ஓய்வூதியத்துக்காக மத்திய அரசின் பங்கு 14.75 கோடி பவுன், மாகாணங்களின் பங்கு 2.05 கோடி பவுன் பிடிக்கப்பட்டது. மீதி ஒரே தவணையில் கைக்கு வரவில்லை. ஆண்டுக்கு இவ்வளவுதான் எடுக்கலாம் என்று பூட்டுப் போடப்பட்டது. அகதிகள் லட்சக்கணக்கில் வந்துகொண்டிருந்த, உணவுக்குக் கப்பல் தேடிக்கொண்டிருந்த நாடு தன் சொந்தப் பணத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கேட்டு வாங்கியது. தளவாடத்தின் ஏட்டு மதிப்பு இன்னும் அதிகம், எனவே பேரம் மோசமில்லை என்று வாதிடுவோர் உண்டு. பணம் அடியோடு மறுக்கப்படாமல் வந்ததே செட்டியாரின் சாமர்த்தியம் என்போரும் உண்டு. அந்தச் சாமர்த்தியத்தை மதிக்கிறேன். நம்மைச் சிறையில் போட்ட கலெக்டர்களின் ஓய்வூதியத்தை நாமே கட்டினோம் என்ற உண்மை அதனால் மாறிவிடாது.

இன்று இந்தக் கணக்குகள் மெல்லத் திறக்கப்படுகின்றன. கரீபிய நாடுகள் 2014-லேயே பத்து அம்சக் கோரிக்கையை முன்வைத்தன. நமீபியாவில் நடத்திய இனப்படுகொலைக்காக 30 ஆண்டுகளில் 110 கோடி யூரோ தருவதாக ஜெர்மனி 2021-ல் சொன்னது. ஆனால் அதை இழப்பீடு என்று அழைக்க மறுத்தது. ஹெய்ட்டி அதிபர் அரிஸ்டீட் 2003-ல், பிரான்ஸ் வாங்கிய பணத்தை வட்டியும் முதலுமாகச் சென்ட் வரை கணக்கிட்டு, 2,168 கோடி டாலருக்கு மேல் திருப்பிக் கேட்டார். மறு ஆண்டு பிப்ரவரியில் பதவியிழந்து நாட்டை விட்டே வெளியேற்றப்பட்டார். அடுத்து வந்த இடைக்கால அரசு கோரிக்கையைக் கைவிட்டது. அன்று அங்கே பிரெஞ்சுத் தூதராக இருந்தவர், அரிஸ்டீட் அகற்றப்பட்டதில் அந்தக் கோரிக்கைக்கும் ஓரளவு பங்கு இருக்கலாம் என்று பல ஆண்டுகள் கழித்துச் சொன்னார். பத்தாம் சார்லஸின் ஆணைக்கு 200 ஆண்டு நிறைந்த 2025 ஏப்ரல் 17 அன்று, இரு நாட்டு வரலாற்றாசிரியர்கள் கொண்ட ஒரு குழுவை அதிபர் மக்ரோன் அறிவித்தார். பணத்தைப் பற்றி வாக்குறுதி எதுவும் அந்த அறிவிப்பில் இல்லை.

பணம் திரும்ப வருமா, வராதா என்பது அரசுகளின் வலிமையைப் பொறுத்தது. ஆனால் கணக்கைத் தெரிந்துகொள்ள யாருடைய அனுமதியும் வேண்டியதில்லை. ஒவ்வோர் ஆகஸ்ட்டிலும் நம் பள்ளிகளில் உப்புச் சத்தியாகிரகமும் செங்கோட்டைக் கொடியேற்றமும் சொல்லப்படுகின்றன, சொல்லப்பட வேண்டியவைதான். வரலாற்று ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள்: அடுத்த ஆகஸ்ட்டில் ஒரு பாடவேளையை 1948 ஜூலை ஒப்பந்தத்துக்கு ஒதுக்குங்கள். அந்த மூன்று தொகைகளைக் கரும்பலகையில் எழுதுங்கள், யார் யாருக்குக் கட்டினார்கள் என்று மாணவர்களைக் கேளுங்கள்.